பெயர் கேட்காத "சுவர்": தொடங்கிய மாணவருக்கு வந்த தலைவலி!

ஊருக்கு ஊர் மொட்டைக் கடுதாசி ஆசாமிகள் உண்டு. கையெழுத்தை மாற்றி எழுதுவார்கள். பக்கத்து ஊர் தபால் பெட்டியில் போட்டுவிட்டு, ஒன்றும் தெரியாத பிள்ளைபோல் வந்து உட்கார்ந்துகொள்வார்கள்.

இப்போது அந்தச் சிரமமும் இல்லை. பெயர், ஊர் கேட்காமல் எழுத இடம் கொடுக்கும் தளங்கள் இன்டர்நெட்டில் இருக்கின்றன. எழுதியதை ஒட்டிப் பொத்தானை அழுத்தினால் ஒரு "லிங்க்" கிடைக்கும். அது கைக்கு வந்த எவரும் படிக்கலாம். யாரு எழுதினா? யாருக்குத் தெரியும்!

இப்படி ஒரு தளத்தைத் தொடங்கிய போலந்து மாணவர் திருதிரு என்று விழிக்க நேர்ந்தது. அதன் விவரம் வருமாறு:-

அவர் பெயர் மாரியுஸ் சுராவெக். படிக்கும்போதே 2009-ல் "ஜஸ்ட்பேஸ்ட்.இட்" என்ற தளத்தை ஆரம்பித்தார். படமும் சேர்க்கலாம். அரபு மாதிரி வலமிருந்து இடமாக எழுதும் மொழியும் ஒழுங்காக வந்தது. கூட்டம் சேர்ந்தது.

வந்தது வினை

2014-ல் சிரியா, ஈராக்கில் ஐ.எஸ். பயங்கரவாதிகள் கை ஓங்கியது. பிரசாரத்துக்கு அவர்களுக்கு ட்விட்டர் போதவில்லை. அங்கே அப்போது 140 எழுத்துதான் கணக்கு. அவர்கள் கணக்குகளையும் ட்விட்டர் மூடிக்கொண்டே வந்தது.

ஆகவே நீண்ட அறிக்கைகளையும் கொடூரப் படங்களையும் இவர் தளத்தில் ஒட்டினார்கள். லிங்க்கை மட்டும் ட்விட்டரில் போட்டார்கள். ஒரு கணக்கை மூடினால் இன்னொன்றில் அதே லிங்க்!

சுவர் இவருடையது. எழுதியது எவனோ. லண்டன் போலீசார் "நீக்குங்கள்" என்று கேட்டார்கள். நீக்கினார்.

சந்தி சிரித்த பாஸ்வேர்டு

"பேஸ்ட்பின்" இதேபோல் இன்னொரு தளம். கம்ப்யூட்டர் புரோகிராம் எழுதுகிறவர்கள் தங்களுக்குள் காட்டிக்கொள்ள 2002-ல் வந்தது. 2009 அக்டோபரில் அதில் எவனோ ஒரு பட்டியலை ஒட்டிவிட்டுப் போனான். என்ன பட்டியல்? ஹாட்மெயில் வைத்திருந்த சுமார் 10 ஆயிரம் பேரின் பாஸ்வேர்டுகள்! போலிப் பக்கங்களைக் காட்டி ஏமாற்றிக் கறந்தவை அவை.

எல்லோரும் அப்படி என்று சொல்லிவிட முடியாது. கதை எழுதி நண்பர்களுக்கு லிங்க் அனுப்புகிறவர்கள் உண்டு. வேலை போய்விடுமோ என்று பயந்து, பெயர் போடாமல் ஆபீஸ் ஊழலை எழுதுகிறவர்களும் உண்டு. இவர்களுக்கு வேறு வழி ஏது?

ஆனால் ஒன்று. பெயர் கேட்காத தளமும், நீங்கள் எந்த இணைப்பிலிருந்து வந்தீர்கள் என்ற ஐ.பி. எண்ணைக் குறித்து வைத்திருக்கலாம். போலீஸ் சட்டப்படி கேட்டால் அது வெளியே வரும். மொட்டைக் கடுதாசியிலும் தபால் முத்திரை விழத்தானே செய்கிறது!