விளம்பர ஓவியர் டு ஆவணப்பட இயக்குநர்: பாலசரஸ்வதியை சத்யஜித் ராய் படம் பிடித்த கதை

சத்யஜித் ராய் என்றதும் 'பதேர் பாஞ்சாலி'தான் ஞாபகத்துக்கு வரும். ஆனா, அவர் கேரியர் தொடங்கியது சினிமாவில் இல்லை. 1943-ல் கொல்கத்தாவின் டி.ஜே.கீமர் விளம்பர நிறுவனத்தில் மாதம் 80 ரூபாய் சம்பளத்துக்கு ஓவியராகச் சேர்ந்தார். கூடவே, சிக்னெட் பிரஸ் பதிப்பகத்துக்குப் புத்தக அட்டைகள், கதைகளுக்கான படங்கள். அப்படி அவர் படம் வரைந்த புத்தகங்களில் ஒன்று, 'பதேர் பாஞ்சாலி' நாவலின் சிறுவர் பதிப்பு.

ஸ்கிரிப்ட்டே இல்லையா?

வழக்கமான ஸ்கிரிப்ட் இல்லை. காட்சி காட்சியாக வரைந்த ஒரு நோட்டுதான் இருந்தது. அதைத்தான் தயாரிப்பாளர்களிடம் காட்டினார், யாரும் பணம் போட முன்வரவில்லை. வேலையையும் விடாமல், லீவு நாட்களில் ஷூட்டிங். கடைசியில் மேற்கு வங்க அரசு பணம் கொடுக்க, 1955-ல் படம் வந்தது. பிறகு ஆவணப்படங்கள்: 1961-ல் தாகூர் பற்றி, 1972-ல் பார்வை இழந்த தன் ஓவிய ஆசிரியர் வினோத் பிகாரி முகர்ஜி பற்றி 'தி இன்னர் ஐ'.

தமிழ்நாட்டுக்கு எப்படி வந்தார்?

பரதநாட்டியக் கலைஞர் பாலசரஸ்வதிக்காக! பாலா முதன்முதலில் மேடையேறியது 1925-ல் காஞ்சிபுரத்தில், 7 வயதில். அப்போது காஞ்சிபுரம் செங்கல்பட்டு மாவட்டத்தில்தான் இருந்தது. 1935-ல் கொல்கத்தாவில் அவர் ஆடியதை 14 வயது ராய் பார்த்திருக்கிறார். அவரைப் படமெடுக்கும் திட்டம் 1966-லேயே இருந்தது. ஆனா, கைகூடியது 1976-ல்தான். தமிழக அரசும் மும்பையின் தேசிய நிகழ்த்துகலை மையமும் சேர்ந்து தயாரித்தன. அதற்குள் பாலாவுக்கு 58 வயது.

இந்தப் பத்து வருஷம் சின்ன விஷயம் இல்லை. ஓவியத்தைச் சுவரில் மாட்டி வைக்கலாம், ஆட்டத்தை அப்படி வைக்க முடியாது. பாலாவின் உச்சகட்ட ஆட்டம் ஃபிலிமில் பதிவானது ரொம்பக் குறைவு. படமே எடுக்காமல் விடுவதைவிட 58 வயது பாலாவை எடுப்பது மேல் என்பதுதான் ராயின் நிலைப்பாடு.

சுமார் அரை மணி நேரம் ஓடும் 'பாலா'வில் வர்ணனைக் குரலும் ராயுடையதுதான். 'கிருஷ்ணா நீ பேகனே பாரோ' பாட்டுக்கு பாலா கடற்கரையில் ஆடுகிறார். காற்று புடவையை இழுக்கிறது, பின்னாடி அலை. கண்ணும் கையும் பேசவேண்டிய அபிநயத்துக்கு இந்த இடம் சரியா என்ற விமர்சனம் அப்போதிலிருந்தே உண்டு. நியாயமான கேள்விதான். ஃப்ரேம் அழகு, ஆனா கவனம் கடலுக்கும் போகிறது. இங்கே ராய்க்குள் இருந்த ஓவியர் கொஞ்சம் ஜெயித்துவிட்டார்போல.

கடைசியில் வரும் வர்ணத்தில் அந்தச் சிக்கல் இல்லை. கடலும் இல்லை, காற்றும் இல்லை. பாலா மட்டும் ஆடுகிறார். படம் முடிந்து எட்டு வருஷத்தில், 1984 பிப்ரவரியில் அவர் காலமானார்.