கடலடி முதலும் காளவாய்ச் சுண்ணாம்பும்

வீட்டுக்கு வெள்ளையடிக்கவும், வெற்றிலையிற் சேர்க்கவும், அவுரிச் சாயத் தொட்டியில் இடவும் சுண்ணாம்பு வேண்டும். இராமநாதபுரம் கரையில் பல்லாண்டுகள் அது கடலுக்கடியிலிருந்தே வந்தது.

வடக்கே பாக் விரிகுடாவும் தெற்கே மன்னார் வளைகுடாவும் சூழ்ந்த சிற்றூர் மண்டபம். அங்குள்ள மீனவர், பவளப்பாறைத் திட்டைப் 'பார்' என்பர். சின்னஞ்சிறு உயிர்கள் கடல்நீரிலுள்ள சுண்ணாம்பைத் திரட்டி எழுப்பிய கோட்டை அது. உருண்டைப் பவளம் ஆண்டுக்கு ஏறத்தாழ ஒரு சென்டிமீட்டரே வளரும். அக்கோட்டையைக் கூலியாட்கள் கடப்பாரையால் பெயர்த்து வள்ளங்களில் ஏற்றினர். கல் காளவாய்க்கும், கட்டட வேலைக்கும், கால்சியம் கார்பைடு ஆலைக்கும் சென்றது. இரு கடல்களிலும் ஆண்டுக்குச் சுமார் 25,000 டன் எடுக்கப்படுவதாக 1972-இல் ஆராய்ச்சியாளர் மதிப்பிட்டனர்.

பார் அலையின் வேகத்தைத் தணிக்கும். மீன் குஞ்சுகளுக்குப் புகலிடமாகும். அது போனபின் தீவின் மணலைக் கடல் அரித்தது. கீழக்கரைப் பக்கத்துப் பூவரசன்பட்டியும் தூத்துக்குடிப் பக்கத்து விலங்குசல்லியும் நீரில் மூழ்கிவிட்டன. கல் பெயர்த்தவருக்குக் கிடைத்தது அன்றாடக் கூலி. நட்டமோ கரையில் வாழும் அனைவருக்குமாயிற்று.

1986-இல் 21 தீவுகளும் கடல்சார் தேசியப் பூங்காவாயின. 2001-இல் பவளப்பாறைக்கு வனவிலங்குச் சட்டத்தின் பாதுகாப்புக் கிடைத்தது. 2004-ஆம் ஆண்டின் ஆழிப்பேரலைக்குப் பின்னர்க் கல்லெடுப்பு ஏறக்குறைய முற்றிலும் நின்றது. ஆயினும் வெட்டுப்பட்ட பார் விரைவில் மீளவில்லை. 2010, 2016 ஆகிய ஆண்டுகளில் கடல் வெப்பம் மிகுந்து, எஞ்சிய பவளமும் வெளுத்தது.

பூங்காவின் கட்டுப்பாடு, கல்லைத் தொடாத ஏழைகளையும் தாக்கியது. தீவுகளைச் சுற்றி மூழ்கிப் பாசி எடுத்து வாழ்ந்த பெண்களுக்கும் அவ்விடம் அடைபட்டது. அவர்களோ கூட்டாகப் பேசி, மாதம் 12 நாட்களே பாசி எடுப்பதெனத் தமக்குத் தாமே வரம்பு வகுத்துக்கொண்டனர்.

கூட்டுறவாளராகிய நமக்கு இக்கணக்கு எளிதில் விளங்கும். சங்கத்தின் காப்பு நிதியை எடுத்துப் பங்காதாயமாக வழங்கினால், ஓராண்டு மகிழ்ச்சி. மறு ஆண்டு பூட்டு. மண்டபக் கரையில் நடந்ததும் அதுவே. பார்தான் முதல், மீனும் பாசியும் வட்டி. வட்டியை அளவறிந்து உண்ணத் தெரிந்த அப்பெண்களைக் காவலிலும் பங்காளிகளாக்க வேண்டுமென்பதே நாம் கூற விழைவது.