மணல் மூடிய அரண்மனை

வேல்ஸின் வடமேற்கில் ஆங்கிள்சி தீவு. அதன் தென்கோடியில், நியூபரோ என்ற சிற்றூரை ஒட்டிய வயலில் தாழ்ந்த கற்சுவர்கள் சில தெரிகின்றன. வட வேல்ஸின் குவினெத் நாட்டை ஆண்ட அரசர்களின் ரோசிர் அரண்மனையில் மிஞ்சியவை அவைதான். 1992 முதல் 1996 வரை நடந்த அகழாய்வில் வெளிப்பட்டவை.

அந்த அரசர்கள் ஒரே தலைநகரில் அமர்ந்து ஆண்டவர்கள் அல்லர். பரிவாரத்தோடு குமுட் குமுட்டாகச் சுற்றிவந்தார்கள். குமுட் என்பது நம் பழைய கூற்றம், நாடு போன்ற ஆட்சிப் பிரிவு. ஹவெல் தா மன்னர் பெயரால் வழங்கும் சட்ட நூல்கள் இதற்குக் கச்சிதமான கணக்குச் சொல்கின்றன: 50 ஊர்கள் ஒரு குமுட், இரண்டு குமுட் சேர்ந்தால் 100 ஊர்கள் கொண்ட ஒரு கான்ட்ரெவ். நிலம் ஏட்டுக்கணக்குக்கு இவ்வளவு அடங்கியிருக்காது. ஆனால், ஒவ்வொரு குமுட்டிலும் அரசனுக்கென்று ஊரும் மேய்ச்சல் நிலமும் ஒதுக்க வேண்டும் என்ற விதிதான் ஆட்சிக்கே சோறு போட்டது. அரண்மனையைச் சுற்றியிருந்த நிலத்தைப் பண்ணையடிமைகள் உழுதார்கள். கூடம், சமையற்கட்டு, களஞ்சியம், குதிரை லாயம் என அரசனுக்கு ஒன்பது கட்டடங்கள் எழுப்புவதும் அவர்கள் தலையில்தான் விழுந்தது. மாமன்னர் லெவலின் 1237இல் ரோசிரில் இருந்தபடி சாசனம் வழங்கினார் என்று படிக்கும்போது, அந்தக் கைகளையும் நினைக்கத்தான் வேண்டும்.

ரோசிர் கான்ட்ரெவில் மெனாய், டிண்டைத்வி என இரண்டு குமுட்கள். 1282-83 போரில் இங்கிலாந்தின் எட்வர்ட் மன்னர் குவினெத்தை வென்றார். 1284இல் ஆங்கிலேய முறைப்படி மாவட்டங்களை அமைத்தவர், அவற்றுக்குள் குமுட்களை அப்படியே வைத்துக்கொண்டார். வரி வசூலாகும் ஏற்பாட்டை எந்த வெற்றியாளன் கலைப்பான்?

மக்களுக்கு அந்தச் சலுகை கிடைக்கவில்லை. டிண்டைத்வியில் லான்வைஸ் செழிப்பான துறைமுகம். 1294இல் வெடித்த கிளர்ச்சியை அடக்கிய எட்வர்ட், மறு ஆண்டு அதன் அருகே போமாரிஸ் கோட்டையைக் கட்டத் தொடங்கி, லான்வைஸ் மக்களை ரோசிருக்குக் குடிபெயர்த்தார். அவர்களுக்காக எழுந்த புதிய நகரம்தான் நியூபரோ. 1303இல் நகர உரிமைச் சாசனம் பெற்றது. 1330 டிசம்பரில் அடித்த புயல் அந்தப் பகுதியில் 186 ஏக்கர் நிலத்தை மணலால் மூடியது. வேரோடு பெயர்த்து நடப்பட்டவர்களுக்கு இரண்டாவது அடி அது. அரண்மனையும் மணலுக்குள் போனது.

கார்டிஃபை அடுத்த செயின்ட் ஃபேகன்ஸ் அருங்காட்சியகத்தில், ரோசிர் அடித்தளங்களை வைத்து ஒரு அரசவைக் கூடத்தை மறுபடி எழுப்பி 2018இல் திறந்தார்கள். நல்ல முயற்சி. ஆனாலும், போமாரிஸ் கோட்டையைப் பார்க்கப் போகிறவர்கள் அதே தீவில் இருக்கும் நியூபரோவுக்கும் ஒருமுறை போய்வாருங்கள். வென்றவனின் கோட்டையை மட்டும் பார்த்துத் திரும்பினால் வேல்ஸின் கதை பாதிதான் தெரியும்.