தராசு பிடித்த கையில் காமிரா

திருச்சிக்கும் சினிமாவுக்கும் உள்ள உறவு பழையது. தென்னிந்திய ரயில்வேயில் வேலை பார்த்த சாமிக்கண்ணு வின்சென்ட், 1905-ம் ஆண்டில் திருச்சியில் ஒரு பிரெஞ்சுக்காரரிடம் படம் காட்டும் கருவியை விலைக்கு வாங்கினார். கூடாரம் அடித்து ஊர் ஊராகப் படம் காட்டினார்.

அன்று ஜனங்கள் படம் பார்த்ததோடு சரி. அவர்களுடைய கஷ்டத்தை அவர்களே படம் பிடிக்க முடியுமா?

முடியும் என்று காட்டியது அகமதாபாத்.

கூடைக்காரிகள் எடுத்த படம்

கூலிப் பெண்கள், பீடி சுற்றுவோர், தெருவில் காய்கறி விற்போர் ஆகியோருக்காக இளா பட் அம்மையார் 1972-ல் தொடங்கிய சங்கம் 'சேவா'. 1984-ல் அமெரிக்காவிலிருந்து மார்த்தா ஸ்டூவர்ட் என்ற பெண்மணி வந்து, சங்கத்துப் பெண்கள் சுமார் 20 பேருக்கு வீடியோப் படம் எடுக்கப் பயிற்சி அளித்தார்.

அவர்களில் பலருக்கு எழுதப் படிக்கத் தெரியாது. கண்ணால் பார்த்தும் கையால் பழகியும் கருவியைக் கற்றுக்கொண்டார்கள். மானெக் சவுக் மார்க்கெட்டில் காய்கறி விற்பவர்களின் பாட்டைப் படமாக்கினார்கள். தங்களுள் ஒருத்தியே காமிரா பிடிக்கும்போது கூச்சம் ஏது? இந்தப் படங்களைச் சங்கத்தார் பிற உறுப்பினருக்கும் காட்டினர், அதிகாரிகளுக்கும் காட்டினர்.

மதுரையில் ஒரு பெண்

நம் பக்கத்திலும் உதாரணம் உண்டு. மக்கள் போராட்டங்களில் பங்கு கொண்ட மதுரை திவ்யபாரதி, 2017-ல் 'கக்கூஸ்' என்ற டாகுமெண்டரிப் படத்தை வெளியிட்டார். மனித மலத்தை மனிதர் கையால் அள்ளும் கொடுமையை ஒழிக்க 1993-லும் 2013-லும் சட்டங்கள் வந்தன. ஆனாலும் அது தீரவில்லை என்பதைத் தொழிலாளர்களின் வாயாலேயே அந்தப் படம் சொல்லிற்று. திரையிடத் தடைகள் வந்தன. அவர்மீது வழக்கும் வந்தது. யூடியூபில் ஏராளமானோர் அதைப் பார்த்தார்கள்.

படம் முடிந்த மறுநாள்

படம் எடுத்தவருக்கு வந்த தொல்லையை ஊர் அறியும். படத்தில் பேசியவரின் கதி? மறுநாளும் அவர் அதே மேஸ்திரியிடம்தான் வேலைக்குப் போக வேண்டும். முகத்தைக் காட்டியதால் கூலி போனால், புகழுரை அவர் வீட்டில் உலை வைக்காது. ஆகவே, முதலில் சம்மதம் கேட்க வேண்டும். எடுத்ததை அவருக்கே முதலில் போட்டுக் காட்ட வேண்டும். வேண்டாம் என்று அவர் சொல்லும் பகுதியை, எத்தனை அருமையாக இருந்தாலும், வெட்டிவிட வேண்டும்.

சமூக ஊழியருக்கு இது புதிய பாடமல்ல. தினமும் வீடு வீடாகச் சென்று கேட்டுப் பழகியவர் அவர். ஸ்ரீரங்கத்தில் பூக்கட்டும் பெண்ணின் கடன் எவ்வளவு, காந்தி மார்க்கெட்டில் மூட்டை சுமப்பவருக்கு எந்த மாதத்தில் வேலை குறையும் என்பதெல்லாம் அவருக்குத் தெரியும். இன்று காமிரா கைபேசியிலேயே இருக்கிறது. அந்தப் பெண் மனம்விட்டுப் பேசுவதற்கு வேண்டிய பழக்கம் மட்டும், பல நாள் அவள் வாசலில் போய் உட்கார்ந்தவருக்கே கிடைக்கும்.