பசிக்கு அஞ்சுபவன் குளிரில் சாகிறான்

திரைக்குள் ஒரு காடு – 6

சென்ற வாரம் 'மைன்கிராஃப்ட்' விளையாட்டின் முதல் இரவைப் பார்த்தோம். இருட்டுவதற்குள் மண்ணைக் குடைந்து ஒரு பொந்துக்குள் ஒடுங்கிக்கொண்டால் அங்கே பிழைத்துவிடலாம். வெளியே பூதங்கள் உலவும், பொழுது விடியும். இந்த வாரம் நாம் நுழையும் காட்டில் பூதம் கிடையாது. கனடாவின் ஹின்டர்லேண்ட் நிறுவனம் 2014-இல் முன்னோட்டமாக விற்பனைக்கு விட்டு, 2017 ஆகஸ்டில் முழுமையாக வெளியிட்ட 'தி லாங் டார்க்' விளையாட்டில், புவிகாந்தப் புயல் ஒன்று மின்சாரத்தை அணைத்துவிடுகிறது. கனடாவின் வடக்கே, பனி மூடிய காட்டில் தனி ஆளாக நிற்கிறோம். இந்தப் புயல் வெறும் கற்பனை என்று ஒதுக்கவும் முடியாது. 1989 மார்ச் 13 அன்று இப்படியொரு புயல் கனடாவின் கியூபெக் மாகாண மின்கட்டமைப்பைச் சாய்த்து, சுமார் 60 லட்சம் பேரை ஒன்பது மணி நேரம் இருளில் வைத்தது. விளையாட்டில் கதைப் பகுதி ஒன்று உண்டு என்றாலும், நாம் பேசப்போவது 'சர்வைவல்' எனப்படும் பிழைப்புப் பகுதியைப் பற்றி. அதில் வெற்றி என்று எதுவும் இல்லை. எத்தனை நாள் தாக்குப்பிடித்தோம் என்பதே கணக்கு. செத்தால் வழக்கமாக அதுவரை சேமித்த ஆட்டமும் அழிந்துவிடும்.

இந்தக் காட்டில் புதியவர்கள் சாகும் விதத்தில் ஓர் ஒற்றுமை இருக்கிறது. கையில் பொருள் இல்லாமல் செத்தவர்கள் குறைவு. எதை முதலில் கவனிப்பது என்ற வரிசை தவறிச் செத்தவர்களே அதிகம். புதிதாக ஆடுபவர் ஒரு மரவீட்டைக் கண்டதும் அலமாரி, மேசை டிராயர் ஒன்று விடாமல் திறக்கிறார். தகர டப்பாக்களையெல்லாம் பைக்குள் அள்ளுகிறார். பசிக்கான அளவுகோல் கொஞ்சம் இறங்கியதும் பதறிப்போய், பொழுது சாயும் நேரத்தில் முயல் தேடிக் கிளம்புகிறார். பை நிறையச் சாப்பாட்டோடு பனியில் விறைத்துக் கிடப்பதே பெரும்பாலும் முடிவு. இதில் அவரைக் குறை சொல்வதற்கில்லை. பசியைப் பிணி என்றே சொல்லிப் பழகிய மொழி நம்முடையது. மார்கழிக்கு ஒரு போர்வை போதும் என்பதே நாம் அறிந்த குளிர். சாவு என்றதும் நம் மனம் வயிற்றைத்தான் நினைக்கும். இந்த விளையாட்டு முதலில் உடைப்பது அந்த நினைப்பைத்தான்.

கணக்கைப் பார்த்தால் விளங்கும். உடம்பு, களைப்பு, தாகம், பசி என நான்கு அளவுகோல்கள் திரையில் உண்டு. முதலாவது உடம்பின் சூட்டைக் காட்டுவது. நான்கில் எது காலியானாலும் உயிர்நிலை என்னும் நூறு சதவீதம் கரையத் தொடங்கும். ஆனால் நான்கும் ஒரே வேகத்தில் கரைப்பதில்லை. வயிறு முழுக்கக் காலியானால் நாளொன்றுக்கு ஏறத்தாழ 25 சதவீதம் போகும். களைப்புக்கும் அதே அளவுதான். தாகம் அதைப்போல இரண்டு மடங்கு. குளிரோ மணிக்கு ஏறத்தாழ 20 சதவீதத்தைத் தின்றுவிடும். அதாவது, வேறு குறை எதுவும் இல்லாத ஆள் பட்டினியில் சாக நான்கு நாள் ஆகும், தாகத்தில் சாக இரண்டு நாள் ஆகும், குளிரில் சாக ஐந்து மணி நேரம் போதும். நான்கு நாள் தவணை தருகிற கடன்காரனுக்கு அஞ்சி, ஐந்து மணி நேரத்தில் கழுத்தைப் பிடிப்பவனிடம் போய் மாட்டிக்கொள்வதைத்தான் புதியவர்கள் செய்கிறார்கள்.

ஆகவே முதல் நாளில் முதலில் பார்க்க வேண்டியது வெப்பநிலைக் கணக்கு. காற்றின் வெப்பநிலை, வீசும் காற்றால் கூடும் குளிர், உடுப்பு தரும் சூடு ஆகிய மூன்றையும் விளையாட்டு தனித்தனியே காட்டுகிறது. வெளியே கழித்தல் 10, காற்றால் இன்னொரு கழித்தல் 8, உடுப்பால் கூட்டல் 12 என்று வைத்துக்கொள்ளுங்கள். உடம்பு உணர்வது கழித்தல் 6. இப்போது ஒரு பாறையின் மறைவில் ஒதுங்கினால் காற்றின் எட்டு அப்படியே கழிந்து, கணக்கு கூட்டல் 2 ஆகிவிடும். ஒரு தீக்குச்சிகூடச் செலவாகவில்லை, நான்கு எட்டுதான் நடந்தோம். குகைக்குள் போனால் இன்னும் மேல். அதேபோல, வீட்டுக்குள் தேடும்போது டப்பாவுக்கு முன் துணி. ஒரு ஜோடி கம்பளிக் காலுறை ஒரு டப்பா பீன்ஸைவிட அதிக நேரம் உயிரைக் காக்கும். டப்பாவைத் தின்றால் தீர்ந்துவிடும்; காலுறை நாள்தோறும் வேலை செய்யும்.

அடுத்தது நெருப்பு. தீ மூட்டும் திரையைத் திறந்தால் தீக்குச்சி, எளிதில் பற்றும் சருகு, விறகு என மூன்றையும் தேர்ந்தெடுக்கச் சொல்லும்; தீ பற்ற எத்தனை சதவீதம் வாய்ப்பு என்பதையும் காட்டும். காற்று அடிக்கும் இடத்தில் மூட்டினால் பற்றிய தீயும் அணைந்துபோகும். தேவதாரு விறகு ஒன்று ஏறத்தாழ ஒரு மணி நேரம் எரியும். அந்த நேரத்தில் என்னென்ன செய்கிறோம் என்பதில்தான் தேர்ந்தவருக்கும் புதியவருக்கும் வேறுபாடு. புதியவர் குளிர் காய்ந்துவிட்டு எழுந்து போய்விடுவார். தேர்ந்தவர் அதே தீயில் பனியை உருக்கி, உருகிய நீரைக் கொதிக்கவைத்து, இறைச்சியைச் சுட்டு, நனைந்த துணியை உலர்த்தி, தீ தணியும் முன் ஒரு பந்தத்தை உருவிக்கொண்டு கிளம்புவார். அந்தப் பந்தம் அடுத்த குகையில் அடுத்த தீயை மூட்டும், தீக்குச்சி மிச்சம். அணைந்த தீயிலிருந்து எடுத்த கரியைக் கொண்டு சுற்றுப்புறத்தை வரைபடமாகக் குறித்தும் கொள்ளலாம். தாகம், பசி, திசை எல்லாமே சூட்டைப் பின்தொடர்ந்து தீர்ந்துவிடுகின்றன. சூட்டை முதலில் வைக்கச் சொல்வதற்கு இதைவிட நல்ல காரணம் வேண்டியதில்லை.

வரிசை தெரியாதவர் செய்யும் இன்னொரு பிழை சுமை. முதுகுப்பையில் 30 கிலோவரை தாராளமாகச் சுமக்கலாம். அதைத் தாண்டினால் நடை தளரும், களைப்பு சீக்கிரம் வரும், சரிவில் கணுக்கால் சுளுக்கும். மெதுவாக நடப்பவர் கூடுதல் நேரம் குளிரில் இருக்கிறார் என்பதே இதன் பொருள். ஆக, கிலோவும் கடைசியில் குளிரின் கணக்கில்தான் போய்ச் சேர்கிறது. உணவைத் தேடுகிறவர் கவனிக்காமல் விடும் ஒன்று ஏரிக்கரையில் நிற்கும் சம்பங்கோரை. அதன் தண்டு எடையற்றது என்றே சொல்லலாம்; கெடாது, சுடவும் வேண்டாம், ஒவ்வொன்றும் 150 கலோரி. தண்ணீருக்கு வீட்டுக் கழிப்பறைத் தொட்டியே போதும். அதிலிருப்பது இந்த விளையாட்டில் குடிநீர்தான்!

"ஓநாயை மறந்துவிட்டீர்களே" என்று ஆடிப் பார்த்தவர்கள் கேட்பார்கள். நியாயமான கேள்வி. திரையில் கண்ணுக்குத் தெரிந்து கொல்வது ஓநாய்தான். ஆனால் ஓநாய் எப்போது வருகிறது? பச்சை இறைச்சியைப் பையில் வைத்துக்கொண்டு நடப்பவரின் வாடையை மோப்பம் பிடித்து வருகிறது. கையில் எரியும் பந்தம் இருந்தால் தயங்கி நிற்கிறது. முன்னது பசிக்கு அஞ்சியதன் விளைவு, பின்னது சூட்டை முதலில் வைத்ததன் பலன். விளையாட்டின் நிலைகளே இதற்குச் சாட்சி. மிக எளிய 'பில்கிரிம்' நிலையில் ஓநாய் நம்மைத் தாக்க வராது, ஆனாலும் குளிரில் சாகலாம். மிகக் கடுமையான நிலைகளில் ஒன்றான 'இன்டர்லோப்பர்' நிலையை வடிவமைத்தபோது துப்பாக்கிகளையும் நல்ல குளிருடைகளையும் எடுத்துவிட்டார்கள், நாள் ஆக ஆகக் குளிரையும் கூட்டினார்கள். எதைத் திருகினால் ஆட்டம் கடினமாகும் என்று செய்தவர்களுக்குத் தெரிந்திருக்கிறது.

இன்னொரு மறுப்பு இதைவிட வலுவானது: இந்த எண்களெல்லாம் யாரோ நிரலில் எழுதி வைத்தவைதானே, அவற்றை மனப்பாடம் செய்வது பிழைக்கும் அறிவாகுமா? பட்டினி மெதுவாகக் கொல்வதைக் கண்டுகொண்ட சிலர், பகல் முழுக்கப் பட்டினி கிடந்து, தூங்கப் போகும் முன் மட்டும் 750 கலோரி தின்று, இழந்ததைத் தூக்கத்தில் மீட்கும் தந்திரத்தைக் கையாண்டது உண்மைதான். அது எண்களோடு ஆடிய ஆட்டம். தயாரிப்பாளர்களும் சும்மா இருக்கவில்லை. தொடர்ந்து மூன்று நாள் பட்டினியின்றி இருந்தால் கூடுதலாக 5 கிலோ சுமக்கலாம் என்று பரிசு வைத்தார்கள். வீட்டுக்குள்ளேயே முடங்கிக் கிடந்தால் 'கேபின் ஃபீவர்' என்னும் மனநோய் வரும்படியும் செய்தார்கள். பசியைப் புறக்கணிப்பதை அவர்கள் தண்டித்தார்கள். ஆனால் குளிரை முதலிடத்திலிருந்து இறக்கவில்லை. அந்த வரிசை அவர்கள் கண்டுபிடித்ததும் அல்ல. கடுங்குளிரில் ஒதுங்கிடம் இன்றி மூன்று மணி நேரம், தண்ணீர் இன்றி மூன்று நாள், உணவு இன்றி மூன்று வாரம் என்பது காட்டுப் பயிற்சியாளர்கள் நெடுங்காலமாகச் சொல்லிவரும் தோராயக் கணக்கு. ஜாக் லண்டன் 1908-இல் வெளியிட்ட 'டு பில்ட் எ ஃபயர்' சிறுகதையில் யூகான் பனியில் செத்துப்போகிறவன் மதிய உணவை உண்டு முடித்தவன். மரத்தடியில் தீ மூட்டினான். கிளையில் இருந்த பனி சரிந்து அதை அணைத்தது. அவ்வளவுதான். எண்ணிக்கை விளையாட்டுக்குரியது, வரிசை உடம்புக்குரியது. அதற்காக இதை நம்பி யாரும் பனிமலை ஏறிவிடக் கூடாது. விளையாட்டே தொடக்கத்தில் அப்படித்தான் எச்சரிக்கிறது.

செத்துச் செத்துக் கற்றுக்கொள்வதுதானே சுவை, முன்கூட்டியே சொல்லிக் கெடுப்பானேன் என்றும் கேட்கலாம். எந்த வீட்டில் துப்பாக்கி இருக்கிறது, எந்த அணைக்கட்டின் வழியாக அடுத்த வட்டாரத்துக்குப் போகலாம் என்று சொன்னால் அது கெடுப்பதுதான். ஆகவே இக்கட்டுரையில் அதைச் சொல்லவில்லை. வரிசையைச் சொல்வது அப்படியல்ல. சதுரங்கத்தில் அரசனைக் காக்க வேண்டும் என்று சொல்லிக்கொடுப்பதால் ஆட்டம் தீர்ந்துவிடுவதில்லை, அப்போதுதான் தொடங்குகிறது. முதல் ஐந்து மணி நேரத்தைத் தாண்டியவருக்குத்தான் இந்த விளையாட்டின் உண்மையான கேள்விகள் வருகின்றன: இந்தப் பனிப்புயலில் கிளம்புவதா, மிஞ்சிய நான்கு விறகை எரித்துவிட்டுப் படுப்பதா? அவற்றுக்கு யாரும் விடை எழுதித் தர முடியாது. ஆகவே, முதன்முதலாக ஆட உட்காரும் வாசகருக்குச் சொல்வது இதுதான்: முதல் அலமாரியைத் திறப்பதற்கு முன் வெப்பநிலையைப் பாருங்கள். காற்றிலிருந்து ஒதுங்குங்கள். உடுத்துங்கள், தீ மூட்டுங்கள். பிறகு குடிக்கலாம், அதன் பிறகு உண்ணலாம்.

அடுத்த வாரம் கடலுக்குள் இறங்குகிறோம். 'சப்நாட்டிகா'வில் குளிரின் இடத்தில் மூச்சு இருக்கிறது. தொடக்கத்தில் அதற்குக் கிடைக்கும் அவகாசம் 45 நொடி.