நிலநடுக்க அலைகளின் வேகம்

நிலநடுக்க அலைகளின் வேகம் என்பது நிலநடுக்கத்தின்போது வெளிப்படும் அதிர்வு அலைகள் ஒரு நொடியில் கடக்கும் தொலைவு ஆகும். அலை கடந்த தொலைவை, அதற்கு எடுத்துக்கொண்ட நேரத்தால் வகுத்தால் சராசரி வேகம் கிடைக்கும். ஆனால் பதிவுக்கருவி காட்டுவது அலை வந்துசேர்ந்த நேரத்தை மட்டுமே. புறப்பட்ட நேரத்தை அன்று. எனவே கணக்கீட்டிற்கு ஒன்றுக்கு மேற்பட்ட நிலையங்களின் பதிவுகள் ஒப்பிடப்படுகின்றன.

அலைகளின் வகைகள்

புவியின் உட்பகுதி வழியே செல்லும் அலைகள் இரு வகைப்படும்.

* முதன்மை அலை (பி-அலை): இது நெட்டலை. திண்மம், நீர்மம் இரண்டிலும் பரவும். நிலையத்தை முதலில் அடையும்.
* இரண்டாம் நிலை அலை (எஸ்-அலை): இது குறுக்கலை. வேகம் குறைந்தது. நீர்மத்தில் பரவாது.

1897 ஆம் ஆண்டு அசாம் நிலநடுக்கத்தின் பதிவுகளை ஆராய்ந்த ரிச்சர்டு டிக்சன் ஓல்டாம் இவற்றை வேறுபடுத்திக் காட்டினார்.

எடுத்துக்காட்டு

ஆழம் குறைந்த ஒரு நிலநடுக்கத்தின் மையத்திலிருந்து 42 கி.மீ., 126 கி.மீ. தொலைவுகளில் அ, ஆ என இரு நிலையங்கள் இருப்பதாகக் கொள்வோம். அலைகள் வந்த நேரங்கள் (மணி:நிமிடம்:நொடி):

* அ: பி-அலை 10:15:27, எஸ்-அலை 10:15:32
* ஆ: பி-அலை 10:15:41, எஸ்-அலை 10:15:56

தொலைவுகளின் வேறுபாடு 84 கி.மீ. பி-அலை இதனைக் கடக்க 14 நொடிகளும், எஸ்-அலை 24 நொடிகளும் ஆயின. எனவே,

பி-அலையின் வேகம் = 84 ÷ 14 = 6 கி.மீ./நொடி
எஸ்-அலையின் வேகம் = 84 ÷ 24 = 3.5 கி.மீ./நொடி

பி-அலை அ நிலையத்தை அடைய 42 ÷ 6 = 7 நொடிகள் ஆகியிருக்கும். ஆகவே நிலநடுக்கம் 10:15:20 மணிக்கு நிகழ்ந்தது. எஸ்-அலையைக் கொண்டு கணித்தாலும் இதே விடை கிடைப்பதைக் காணலாம்.

தொலைவைக் கணித்தல்

வேகங்கள் தெரிந்தபின், மையத்தின் தொலைவை ஒரே நிலையத்தின் பதிவிலிருந்து கணிக்கலாம். மேற்கண்ட வேகங்களுக்கு, இரு அலைகளின் வருகைக்கும் இடைப்பட்ட ஒவ்வொரு நொடியும் 8.4 கி.மீ. தொலைவைக் குறிக்கும். அ நிலையத்தில் இடைவெளி 5 நொடி. 5 × 8.4 = 42 கி.மீ. இது தொலைவை மட்டுமே தரும், திசையைத் தராது. எனவே மையத்தின் இடத்தை அறிய, குறைந்தது மூன்று நிலையங்களைச் சுற்றி இவ்வாறு வட்டங்கள் வரைந்து, அவை வெட்டும் இடம் காணப்படுகிறது.

வேகம் மாறுபடுதல்

வேகம் எல்லா ஆழத்திலும் ஒன்றாக இராது. 1909 இல் சாக்ரெப் அருகே ஏற்பட்ட நிலநடுக்கத்தை ஆராய்ந்த ஆந்திரிய மோகோரோவிச்சிச், தொலைவிலுள்ள நிலையங்களை எதிர்பார்த்ததைவிட வேகமான அலை முதலில் அடைவதைக் கண்டார். புவியோட்டிற்குக் கீழுள்ள அடர்ந்த பாறையில் பி-அலை நொடிக்கு ஏறத்தாழ 8 கி.மீ. செல்வதே இதற்குக் காரணம். ஆகையால் தொலைதூர நிலநடுக்கங்களுக்கு ஒரே வேகத்தைப் பயன்படுத்தாமல், பயண நேர அட்டவணைகள் பயன்படுத்தப்படுகின்றன.

பயன்

நான்கு கி.மீ. ஆழக்கடலில் ஆழிப்பேரலையின் வேகம் நொடிக்கு ஏறத்தாழ 0.2 கி.மீ. மட்டுமே. 2004 டிசம்பர் 26 அன்று, சுமாத்திரா அருகே தோன்றிய பி-அலை ஏறத்தாழ 2000 கி.மீ. தொலைவிலுள்ள சென்னையை அடையச் சுமார் 4 நிமிடங்களே போதுமானவை. ஆழிப்பேரலை வந்துசேர இரண்டு மணி நேரத்திற்கும் மேலாயிற்று. இந்த இடைவெளியைப் பயன்படுத்தி எச்சரிக்கை விடுக்கும் இந்திய மையம் 2007 இல் ஐதராபாத்தில் தொடங்கப்பட்டது.