தகரப் பெட்டியில் இருந்த கதை

"இந்தக் காகிதக் குப்பையை எடைக்குப் போட்டால் என்ன?" என்று நம் வீடுகளில் அடிக்கடி ஒரு குரல் எழும். நியூயார்க்கில் ஓர் அம்மாள் அப்படிச் சொல்லாமல் இருந்தாளே, அதனால் பிழைத்தது ஓர் அருமையான கதை!

அவள் பெயர் எலிசபெத். கணவர் ஹெர்மன் மெல்வில், 'மோபி டிக்' என்ற திமிங்கில நாவலை எழுதியவர். இன்று உலகம் கொண்டாடும் அந்த நாவல் 1851-ல் வெளியானபோது சீந்துவாரில்லை. அவர் ஆயுளில் சுமார் 3,200 பிரதிகளே விற்றன. லண்டன் பதிப்பில் முடிவுரை வேறு விட்டுப்போயிற்று. கப்பலே மூழ்கிய பிறகு கதை சொல்ல மிஞ்சியது யார் என்று விமரிசகர்கள் கேலி செய்தார்கள்! பாவம், மனிதர் சுங்க இலாகாவில் சேர்ந்து, நாளைக்கு நாலு டாலர் சம்பளத்தில் 19 வருஷம் காலம் தள்ளினார்.

அவரோடு குடித்தனம் செய்வது லேசாக இருக்கவில்லை. 1867-ல் எலிசபெத்தின் பிறந்த வீட்டார் அவளைப் பிரித்து அழைத்துக்கொள்ளவே யோசித்தார்கள். இதைச் சொல்லும் கடிதங்கள் 1975-ல்தான் அச்சேறின. அவள் போகவில்லை. அதே ஆண்டில் மூத்த மகன் துப்பாக்கிக் குண்டுக்குப் பலியானான். அப்போதும் கணவருடனேயே இருந்தாள். அது அன்பா, கடமையா என்று நாம் தீர்ப்புச் சொல்ல முடியுமா?

1891-ல் மெல்வில் காலமானபோது 'பில்லி பட்' என்ற கதை அடித்தலும் திருத்தலுமாக முடியாமல் கிடந்தது. எலிசபெத் அந்தத் தாள்களைப் பத்திரப்படுத்தினாள். 1906-ல் அவளும் போனபின் அவை ஒரு தகரப் பெட்டியில் குடும்பத்தோடு இருந்தன. மெல்வில் பிறந்து நூறாண்டு நிறைந்த 1919-ல், கொலம்பியா பல்கலைக் கழகத்தின் ரேமண்ட் வீவர் அவரைப் பற்றி ஆராயத் தொடங்கினார். பேத்தி எலினார் பெட்டியைத் திறந்து காட்டினாள். 1924-ல் கதை அச்சாயிற்று. அதற்குள் 'மோபி டிக்'கையும் ஜனங்கள் தேடிப் படிக்க ஆரம்பித்துவிட்டார்கள்.

1962-ல் ஹேஃபோர்டு, சீல்ட்ஸ் என்ற இரு அறிஞர்கள் அந்தக் கைப்பிரதியைத் தாள் தாளாகச் சோதித்தார்கள். முந்திய பதிப்பாசிரியர்கள் மெல்வில் எழுதியதாக நம்பிய சில பென்சில் குறிப்புகள், எலிசபெத்தின் கையெழுத்து! கதைக்கு 'முகவுரை' என்று அச்சிட்டு வந்த பகுதியும் முகவுரையல்ல, அவர் கழித்துவிட்ட ஒரு துண்டு என்று தெரிந்தது. புதிய பதிப்பில் அதை எடுத்துவிட்டார்கள்.